பெஞ்சிலிருந்து எழுந்து வந்தவர் மட்டும்தானா சோல்ஷார்?

உங்கள் கேள்வியை இப்படிப் புரிந்துகொள்கிறேன். ஓலே குன்னார் சோல்ஷார் அவ்வளவு நல்ல ஸ்ட்ரைக்கர் என்றால் மான்செஸ்டர் யுனைடெட்டில் 11 வருடம் ஏன் பெஞ்சில் உட்கார்ந்தார்? 1999 சாம்பியன்ஸ் லீக் இறுதியில் முழங்காலால் சறுக்கிக் கொண்டாடியதுதான் அவர் ஆட்டத்தை முடித்துவைத்ததா? கல்லூரி அணியில் நீங்களும் கடைசி 20 நிமிடத்துக்கு இறக்கப்படுகிறவர் என்பதால், அவரிடமிருந்து எடுத்துக்கொள்ள ஏதாவது இருக்கிறதா? மூன்றுக்கும் அடியில் ஒரே சந்தேகம்தான் கிடக்கிறது: மாற்று ஆட்டக்காரராகப் பெயர் வாங்கியவரை முழு ஸ்ட்ரைக்கர் என்று சொல்லலாமா?

சொல்லலாம். அந்தப் பட்டமே பாதி தவறு என்று நினைக்கிறேன். அவர் முதல் பதினொருவரில் இறங்குவதற்கான ஸ்ட்ரைக்கர். அவர் இருந்த அணியில் அந்த இடத்துக்கு எப்போதும் நாலு பேர் வரிசையில் நின்றார்கள். பெஞ்ச் அவருக்கு வந்து சேர்ந்தது. வந்த இடத்தை அவர் வேறு யாரையும்விட நன்றாகப் பயன்படுத்திக்கொண்டார். இந்த இரண்டையும் குழப்பிக்கொண்டால் அவரைச் சரியாக எடைபோட முடியாது.

(பெயரைப் பற்றி ஒரு வார்த்தை. எழுத்தைப் பார்த்து 'சோல்ஸ்க்ஜேர்' என்று தமிழில் எழுதுகிறார்கள். நார்வேக்காரர்கள் வாயில் அது 'சூல்ஷேர்' போல வரும். ஆங்கில வர்ணனையில் கேட்டுப் பழகிய 'சோல்ஷார்' என்பதையே இங்கே வைத்துக்கொள்கிறேன்.)

முதலில் கணக்கு. யுனைடெட்டுக்காக அவர் ஆடியது 366 ஆட்டங்கள், அடித்தது 126 கோல். அந்த 366-இல் 150 ஆட்டங்களில் மாற்றாக இறங்கினார். பெஞ்சிலிருந்து வந்து அடித்த கோல்கள் 28 என்று சில பட்டியலிலும் 29 என்று சிலவற்றிலும் இருக்கும். எதை எடுத்தாலும் முடிவு மாறாது. நூறு கோலுக்குச் சற்றுக் குறைவாக அவர் அடித்தது ஆட்டத்தைத் தொடங்கிய நாட்களில்தான். பிரீமியர் லீக்கை மட்டும் தனியாக எடுத்தால் படம் இன்னும் தெளிவு. 235 ஆட்டம், 91 கோல். அதில் 84 முறை மாற்றாக வந்து 17 கோல். மீதி 151 முறை தொடக்கத்திலேயே இறங்கி 74 கோல். தொடங்கிய இரண்டு ஆட்டத்துக்கு ஏறக்குறைய ஒரு கோல். அந்தக் காலத்து இங்கிலாந்தில் எந்த அணியும் முதல் ஸ்ட்ரைக்கரிடம் எதிர்பார்க்கக்கூடிய கணக்கு இது.

நிமிடக் கணக்கில் பார்த்தால் மாற்றாக வந்தபோது இன்னும் வேகமாக அடித்தார் என்று தோன்றும். மாற்றாக வரும்போது சராசரியாக 25 நிமிடம், தொடங்கும்போது 80 நிமிடம் என்று வைத்துக்கொள்ளுங்கள் (இது என் உத்தேசம், பதிவான புள்ளிவிவரம் அல்ல). முன்னதில் 124 நிமிடத்துக்கு ஒரு கோல், பின்னதில் 163 நிமிடத்துக்கு ஒன்று என்று வரும். ஆனால் இதை வைத்து அவர் பெஞ்சிலிருந்து வந்தால்தான் சிறப்பு என்று சொல்லக் கூடாது. கடைசி அரை மணியில் டிஃபெண்டர்கள் களைத்திருப்பார்கள், தோற்கும் அணி மேலேறி ஆடுவதால் பின்னால் இடம் திறக்கும், களத்தில் மொத்தமாகவே கோல் அதிகம் விழும். யார் மாற்றாக வந்தாலும் அந்த லாபத்தில் ஒரு பங்கு கிடைக்கும்.

இந்த ஸ்ட்ரைக்கர் எங்கிருந்து வந்தார் என்பதையும் பார்க்க வேண்டும், ஏனென்றால் அவர் ஆடிய விதத்துக்குக் காரணம் அங்கே இருக்கிறது. நார்வேயின் மேற்குக் கரையில் தீவுகளின் மேல் அமைந்த சிறு துறைமுக ஊர் கிறிஸ்டியான்சுண்ட். அங்கே 1973 பிப்ரவரி 26-இல் பிறந்தார். அப்பா கிரேக்க-ரோமன் மல்யுத்தத்தில் நார்வே சாம்பியனாக இருந்தவர். பெரிய கிளப் ஒன்றின் அகாடமியில் வளர்ந்த பிள்ளை அல்ல. 21 வயது வரை உள்ளூர் கிளப்பான கிளாவுசெனெங்கனுக்குக் கீழ்மட்ட டிவிஷன்களில் ஆடினார். 109 ஆட்டத்தில் 115 கோல். அந்த மட்டத்தில் கோல் குவித்தவர்கள் எங்கும் உண்டு. மேலே போனால் பாதிப் பேர் காணாமல் போவார்கள், காரணம் கீழே அவர்களுக்குக் கிடைத்த நேரம் மேலே கிடைக்காது. 1994 கடைசியில் மோல்டே கிளப் அவரை வாங்கியது, விலை 2 லட்சம் குரோனர். பயிற்சியாளர் ஓகே ஹாரெய்டே. 1995 சீசனில் 26 லீக் ஆட்டங்களில் 20 கோல். ரோசன்போர்க்குக்கு அடுத்து மோல்டே இரண்டாம் இடம். அடுத்த வருடம் பாதி சீசனில் 16 ஆட்டத்தில் 11. ஆக மோல்டேயில் 42 லீக் ஆட்டங்களில் 31 கோல். கீழே இருந்த வேகம் மேலே போயும் பெரிதாகக் குறையவில்லை. ஒரு ஸ்ட்ரைக்கரைத் தேடிப் போகிறவர் பார்க்க வேண்டியது இந்த ஒன்றைத்தான்.

1996 ஜூலை கடைசியில் யுனைடெட் கொடுத்தது 15 லட்சம் பவுண்டு. அந்தக் கோடையில் மேனேஜர் அலெக்ஸ் ஃபெர்குசன் உண்மையில் வாங்க நினைத்தது ஆலன் ஷியரரை. ஷியரர் அதே வாரம் 1.5 கோடி பவுண்டுக்கு நியூகாசிலுக்குப் போனார். பத்தில் ஒரு பங்கு விலைக்கு வந்த நார்வே இளைஞர் சில காலம் ரிசர்வ் அணியில் ஆடுவார் என்பதுதான் பொதுவான எதிர்பார்ப்பு. ஆகஸ்ட் 25-இல் பிளாக்பர்னுக்கு எதிராக மாற்றாக இறங்கி, ஆறு நிமிடத்துக்குள் கோல் அடித்தார். அணியின் ஸ்ட்ரைக்கர் ஆண்டி கோல் (இங்கே 'கோல்' அவர் பெயர்) நோயிலும், பிறகு ரிசர்வ் ஆட்டமொன்றில் இரண்டு காலும் முறிந்தும் ஒதுங்கியிருந்தது இவருக்கு வாசலைத் திறந்துவிட்டது. சீசன் முடிவில் லீக்கில் 18 கோல், அணியில் அவர்தான் முதலிடம், கோப்பையும் யுனைடெட்டுக்கு. 'பெஞ்ச் ஆட்டக்காரர்' என்று பின்னாளில் அழைக்கப்பட்டவருடைய முதல் வருடம் இது.

பிறகு ஏன் பெஞ்ச்? 1997-இல் முன்வரிசை நட்சத்திரம் கான்டோனா ஓய்வு பெற, டெடி ஷெரிங்கம் வந்தார். 1998 ஆகஸ்டில் டுவைட் யார்க், 1.26 கோடி பவுண்டு. ஆண்டி கோலும் யார்க்கும் பார்க்காமலே ஒருவருக்கொருவர் பந்து தரும் ஜோடியாக அமைந்துவிட்டார்கள். 1998–99-இல் இருவரும் சேர்ந்து எல்லாப் போட்டிகளிலும் 53 கோல். அப்படி ஒரு ஜோடி ஓடும்போது எந்த மேனேஜரும் அதைப் பிரிக்க மாட்டார். அதோடு ஒரு நுட்பமான காரணமும் உண்டு. ஷெரிங்கம் கீழே இறங்கி வந்து பந்தைப் பிடித்து மற்றவர்களை ஆடவைப்பார். யார்க் முதுகைக் காட்டி டிஃபெண்டரைத் தாங்கி நிற்பார். 1.78 மீட்டர் உயரமுள்ள சோல்ஷாருக்கு அந்தத் தாங்கும் வேலை இயல்பானது அல்ல. அவருக்கு ஆட்டம் ஏற்கெனவே பெனால்டி ஏரியா அருகே வந்திருக்க வேண்டும். எதிரணி பின்வாங்கிப் பெட்டிக்குள் அடைந்து நிற்கும் கடைசி 20 நிமிடத்தில் அந்த நிலைமை தானாகவே உண்டாகிறது. அவரை அந்த நேரத்தில் இறக்கியதில் ஒரு தர்க்கம் இருந்தது. கையில் மிஞ்சியவரைத் தூக்கிப் போட்டது மாதிரி இல்லை.

போக வழியும் இருந்தது. 1998 கோடையில் டாட்டன்ஹாம் 55 லட்சம் பவுண்டு தர முன்வந்தது, கிளப்பும் ஒப்புக்கொண்டது. அவர் மறுத்தார். வேறிடத்தில் வாரா வாரம் ஆடியிருந்தால் 200 லீக் கோல் அடித்திருப்பார் என்று வாதிடுகிறவர்கள் இருக்கிறார்கள். நடக்காததை எண்ணிச் சொல்ல முடியாது. ஆனால் 151 தொடக்கத்தில் 74 என்ற கணக்கு அந்த வாதத்தைச் சிரித்து ஒதுக்கவும் விடவில்லை.

இனி அவர் கோல் அடித்த விதம். நீங்கள் ஆடுகிறவர் என்பதால் இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். பழைய வீடியோக்களை மெதுவாக ஓட்டிப் பாருங்கள். முதலில் கண்ணில் படுவது காலைப் பின்னுக்கு இழுக்கும் தூரம். மிகக் குறைவு. பெரிய ஸ்ட்ரைக்கர்கள் பலர் முழுக்காலையும் பின்னுக்கு வீசி அடிப்பார்கள். அது பலம் தரும், அதே சமயம் கோல்கீப்பருக்கு அரை நொடி எச்சரிக்கையும் தரும். சோல்ஷார் முழங்காலுக்குக் கீழிருந்து சுண்டுவார். கீப்பர் இரண்டு காலையும் ஊன்றித் தயாராவதற்கு முன் பந்து போய்விடும். பலம் குறைந்தாலும் பரவாயில்லை, ஏனென்றால் நகரும் கீப்பரால் நகர்ந்துகொண்டிருக்கும் திசைக்கு எதிர்ப்பக்கம் உடனே திரும்ப முடியாது. இரண்டாவது, எந்தக் காலில் பந்து விழுகிறதோ அந்தக் காலிலேயே அடிப்பார். வலது கால்தான் அவருக்கு முதன்மை. ஆனால் வலதுக்கு மாற்ற ஒரு தொடுதலைச் செலவழிக்க மாட்டார். அந்தக் கூடுதல் தொடுதலில்தான் டிஃபெண்டர் காலை நீட்டிவிடுவார். மூன்றாவது, நிற்கும் இடம். டிஃபெண்டரின் கண்ணுக்கு முன்னால் நிற்காமல் அவர் தோளுக்குப் பின்னால் நிற்பார். பந்தையும் ஆளையும் ஒரே சமயத்தில் பார்க்க முடியாத கோணம் அது. கிராஸ் (ஓரத்திலிருந்து கோல்முகத்துக்கு அடிக்கும் பந்து) வரும் நொடியில் இரண்டு மூன்று எட்டுதான் ஓடுவார், அது முன்பக்கமாக. ஓட்டம் நீளமாக இருந்தால் டிஃபெண்டருக்கு ஈடுகொடுக்க நேரம் கிடைத்துவிடும். மின்னல் வேகம் இல்லாதவர் அவர். வேகம் இல்லாததை நேரத்தால் ஈடுகட்டினார்.

பெஞ்சில் உட்கார்ந்து எதிரணியைப் படிப்பார் என்பது கட்டுக்கதையா என்ற கேள்வியும் உண்டு. அவர் அப்படிச் செய்தார் என்பதில் ஐயமில்லை. அவரும் சொல்லியிருக்கிறார், பயிற்சியிலும் பெஞ்சிலும் குறிப்பெடுத்துக்கொண்டே இருப்பார் என்று ஃபெர்குசனும் பதிவுசெய்திருக்கிறார். அந்தப் படிப்பு எத்தனை கோலைத் தந்தது என்பது மட்டும் அளக்க முடியாத சங்கதி. அன்றைய விதிகளையும் நினைவில் வையுங்கள்: பிரீமியர் லீக்கில் பெஞ்சில் ஐந்து பேர், அவர்களில் மூவரைத்தான் இறக்கலாம். ஐந்து பேரில் ஒருவர் கீப்பர். ஆக மேனேஜர் ஒரு ஸ்ட்ரைக்கரை இறக்குகிறார் என்றால் அது பெரிய முடிவு. ஐந்து மாற்று இறக்கும் இன்றைய ஆட்டத்தோடு அந்த எண்ணிக்கைகளை நேராக ஒப்பிடக் கூடாது.

1999-இன் மூன்று நாட்களை எல்லோரும் ஒரே மூச்சில் சொல்வார்கள். எடை ஒன்றல்ல. ஜனவரி 24, எஃப்.ஏ. கோப்பையில் லிவர்பூல்: மூன்றாவது நிமிடத்திலேயே ஓவன் அடித்த கோலால் யுனைடெட் பின்தங்கியிருந்தது, 88-இல் யார்க் சமன் செய்தார், 90-இல் மாற்றாக வந்த சோல்ஷார் முடித்தார். பிப்ரவரி 6, நாட்டிங்காம் ஃபாரஸ்ட்: அவர் இறங்கும்போதே 4–1, முடியும்போது 8–1, கடைசிப் பத்துச் சொச்ச நிமிடத்தில் நாலு கோலும் அவருடையது. புகழ் முழுவதும் இரண்டாவதற்கே போகிறது. என்னைக் கேட்டால் முதலாவதே கனம் கூடியது. அந்த வருடம் டிவிஷனிலிருந்து இறங்கிப் போன ஃபாரஸ்ட் ஏற்கெனவே உடைந்த அணி. லிவர்பூல் ஆட்டத்தில் அந்தக் கோல் இல்லையென்றால் மறு ஆட்டம், லீக், எஃப்.ஏ. கோப்பை, சாம்பியன்ஸ் லீக் மூன்றையும் ஒரே சீசனில் வெல்லும் கனவுக்கே ஆபத்து.

மூன்றாவது, மே 26, பார்சிலோனா நகரில் சாம்பியன்ஸ் லீக் இறுதி, எதிரணி பயர்ன் மியூனிக். ஆறாவது நிமிடத்தில் ஃப்ரீகிக்கில் பயர்னின் பாஸ்லர் கோல் அடித்தார். யுனைடெட்டின் கீன், ஸ்கோல்ஸ் இருவரும் தடையில். பயர்ன் இரண்டு முறை கோல்கம்பத்தில் அடித்தது. ஒன்று உள்ளே போயிருந்தால் இந்தப் பதிலுக்கே வேலை இல்லை. 67-இல் ஷெரிங்கம் இறங்கினார், 81-இல் ஆண்டி கோலுக்குப் பதில் சோல்ஷார். 91-இல் ஷெரிங்கம் சமன் செய்தார். இங்கே பலர் கவனிக்காத விஷயம்: வெற்றி கோலுக்கு வழிவைத்த கார்னரை வாங்கித் தந்ததே சோல்ஷார்தான். இடது ஓரத்தில் பந்தை எடுத்து, பயர்ன் டிஃபெண்டர் குஃபூரை எதிர்கொண்டு, கிராஸ் போட முயன்று, அவர் காலில் பட்டு வெளியே போகவைத்தார். பெக்கம் கார்னர் எடுத்தார், ஷெரிங்கம் தலையால் தட்டி கோல்முகத்தின் குறுக்கே விட்டார். குஃபூர் சோல்ஷாரை ஒட்டித்தான் நின்றார். ஆனால் பந்து திசைமாறிய கணத்தில் அவர் நின்ற இடத்திலேயே நின்றார், சோல்ஷார் வலது காலை நீட்டிவிட்டார். நேரம் 93. பந்து வலையின் கூரையில். அதிர்ஷ்டமா என்றால், பந்து அவரிடம் வந்ததில் அதிர்ஷ்டம் உண்டு. அது வந்தபோது அவர் கோலுக்கு ஆறு கஜத்துக்குள், உடல் திறந்த நிலையில், கால் தூக்கத் தயாராக நின்றது பழக்கம்.

அதன் பிறகுதான் அந்தச் சறுக்கல். ஓடிப்போய் இரண்டு முழங்காலாலும் புல்லில் சறுக்கினார். முழங்காலின் உட்பக்க லிகமென்ட் (எலும்புகளை இணைக்கும் நார்) அப்போது பாதிக்கப்பட்டது என்று பரவலாகச் சொல்லப்படுகிறது. அது அவர் ஆட்டத்தை முடித்தது என்பது தேதிகளோடு ஒத்துவராது. அடுத்த சீசனில் லீக்கில் 12 கோல்; டிசம்பரில் எவர்ட்டனுக்கு எதிராக ஒரே ஆட்டத்தில் நாலு. உட்பக்க லிகமென்ட்டுக்கு ரத்த ஓட்டம் உண்டு, ஓய்வு கொடுத்தால் பெரும்பாலும் தானாகவே கூடிவிடும். அவருடைய உண்மையான முழங்கால் பிரச்சினை தொடங்கியது 2003 செப்டம்பர் 16, பனதினைகோஸ் ஆட்டத்தில். நாலு வருட இடைவெளி இருக்கிறது. முதல் காயம் இரண்டாவதற்கு வழிவைத்திருக்குமா என்பது ஊகம். அதைச் செய்தி போலச் சொல்கிறவர்களை நம்ப வேண்டாம்.

அந்த இடைவெளி நாலு வருடத்தில்தான் அவருடைய மிகச் சிறந்த சீசனும் இருக்கிறது. 2001-இல் ஷெரிங்கம் போனார், டிசம்பரில் ஆண்டி கோல் பிளாக்பர்னுக்குப் போனார், யார்க் ஒதுக்கப்பட்டார். 1.9 கோடி பவுண்டுக்கு வந்த ஸ்ட்ரைக்கர் வான் நிஸ்டல்ரூய்க்குப் பக்கத்தில் சோல்ஷார் தொடர்ந்து இறங்கினார். லீக்கில் 17, எல்லாம் சேர்த்து 25 கோல், நிஸ்டல்ரூய் 36. அணி அந்த வருடம் மூன்றாம் இடம்தான், ஆனால் அது அவர் குற்றமில்லை. லீக்கில் 87 கோல் அடித்த அணி அது. 28 வயதில், வாரா வாரம் ஆடவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு நமக்குக் கிடைத்திருக்கும் ஒரே நேர்மையான சோதனை இது. அடுத்த வருடம் இன்னொரு வேடம்: வலது ஓரம். கிராஸ் போடும் துல்லியம் இருந்ததால் அங்கேயும் நின்றார். 2003 ஏப்ரல் 23, ரியல் மாட்ரிடுக்கு எதிரான இரண்டாம் ஆட்டத்தில் வலது ஓரத்தில் தொடங்கியவர் சோல்ஷார். பெஞ்சில் உட்கார்ந்தவர் பெக்கம். இறங்கி வந்து இரண்டு கோல் அடித்தவரும் பெக்கம்தான். விதிக்கும் குறும்பு உண்டு.

நார்வே அணியில் அவர் கதை சற்று மங்கல். 1995 நவம்பரில் ஜமைக்காவுக்கு எதிராக முதல் ஆட்டம், முதல் கோல். 2007 பிப்ரவரி வரை 67 ஆட்டம், 23 கோல். மோசமில்லை, டோரே ஆண்ட்ரே ஃப்ளோவும் அதே 23-தான், ஆனால் 76 ஆட்டத்தில். சிக்கல் ஆட்டமுறையில். 'ட்ரில்லோ' என்று அழைக்கப்பட்ட எகில் ஓல்சன் காலத்து நார்வே ஒற்றை ஸ்ட்ரைக்கரோடு ஆடிய அணி. பின்னாலிருந்து நீளமாகத் தூக்கி அடித்து, உயரமானவர் தலையில் விழவைத்து, சிதறும் பந்தைப் பொறுக்குவது திட்டம். அதற்கு 1.93 மீட்டர் ஃப்ளோ பொருந்தினார். சோல்ஷார் ஓரத்துக்கோ பெஞ்சுக்கோ போனார். 1998 உலகக் கோப்பையில் பிரேசிலை 2–1 என்று வீழ்த்திய நாளின் பெயர்கள் ஃப்ளோவும் ரெக்டாலும். நார்வேயின் கோல் சாதனையை 1930-களிலிருந்து 33 கோலோடு வைத்திருந்தவர் யோர்கன் யூவே. 2024 அக்டோபரில் ஹாலாண்ட் அதைத் தாண்டினார். அந்தப் பட்டியலில் சோல்ஷாரின் பெயர் முதல் வரியில் வராது.

உங்கள் மூன்றாவது கேள்விக்கு வருகிறேன். மாற்றாக இறங்குகிறவர் தோற்பது பெரும்பாலும் முதல் ஐந்து நிமிடத்தில். காரணங்கள் மூன்று. உடல் குளிர்ந்திருக்கும், அந்த நிலையில் முழு வேகத்தில் ஓடினால் தொடையின் பின்தசை இழுத்துக்கொள்ளும். எல்லையோரத்தில் மெல்ல ஓடுவது போதாது. இரண்டாம் பாதி தொடங்கியதிலிருந்து பத்து நிமிடத்துக்கு ஒருமுறை எழுந்து, காலை வீசி, இடுப்பைச் சுழற்றி, பிறகு 10 முதல் 20 மீட்டர் ஓட்டம் நாலைந்து எடுங்கள். கடைசி இரண்டு முழு வேகத்தில். அழைப்பு வருவதற்கு முன் ஒருமுறையாவது மூச்சு வாங்கியிருக்க வேண்டும். இரண்டாவது அவசரம். காட்ட வேண்டும் என்ற வெறியில் முதல் பந்தையே இரண்டு பேரைத் தாண்டி எடுத்துப் போகப் பார்ப்பார்கள். முதல் இரண்டு பந்தை ஒரே தொடுதலில் பக்கத்தில் இருப்பவருக்குக் கொடுங்கள். ஆட்டத்தின் வேகம் காலுக்குப் பிடிபடும். மூன்றாவது, எதையும் பார்க்காமல் இறங்குவது. பெஞ்சில் இருக்கும்போது பந்தைப் பார்க்காதீர்கள், பந்தை எல்லோரும் பார்க்கிறார்கள். உங்களைப் பிடிக்கப்போகும் சென்டர் பேக் எந்தப் பக்கம் திரும்பத் தடுமாறுகிறார்? கிராஸ் வரும்போது அவர் ஆளைத் தொட்டுப் பார்க்கிறாரா, பந்தை மட்டும் பார்க்கிறாரா? ஆஃப்சைடு கோட்டைக் கெடுத்து ஒரு எட்டுப் பின்னால் நிற்கும் ஃபுல் பேக் யார்? கீப்பர் சீக்கிரம் தரையில் விழுகிறாரா, நின்று காத்திருக்கிறாரா? இந்த நாலுக்கும் விடை தெரிந்தால் போதும்; பத்து விஷயம் கவனித்தால் களத்தில் ஒன்றும் நினைவில் நிற்காது.

பயிற்சியில், ஆறு கஜத்துக்கும் பெனால்டி புள்ளிக்கும் நடுவில் நின்று, இரு பக்கமிருந்தும் மாறி மாறித் தரையோடு கிராஸ் போடச் சொல்லுங்கள். ஒரே தொடுதல், வந்த காலிலேயே அடி. இருபது பந்துக்கு மேல் ஒரே மூச்சில் வேண்டாம். களைத்த கால் பழையபடி பின்னுக்கு இழுத்து அடிக்கத் தொடங்கும், தவறான பழக்கம் படிந்துவிடும். உங்கள் பயிற்சியாளர் உங்களைத் தொடக்கத்தில் இறக்குவாரா என்பதை இங்கிருந்து சொல்ல இயலாது. நீங்கள் ஆடுவதை நான் பார்த்ததில்லை.

சோல்ஷாரின் கடைசிக் கட்டம் நீண்டது. 2004 ஆகஸ்டில் முழங்காலில் பெரிய அறுவை சிகிச்சை. 2004–05 முழுவதும் இல்லை. 2005 டிசம்பர் 28-இல் பர்மிங்காமுக்கு எதிராகத் திரும்பியபோது இனி ஒப்புக்குத்தான் ஆடுவார் என்று நினைத்தவர்கள் அதிகம். 2006 ஆகஸ்ட் 23, சார்ல்ட்டன்: 2003 ஏப்ரலுக்குப் பிறகு அவருடைய முதல் லீக் கோல். அந்த சீசனில் 19 லீக் ஆட்டத்தில் 7, எல்லாம் சேர்த்து 11. கிளப்போடு அவருடைய ஆறாவது லீக் பட்டம் அது. 33 வயதில், தேய்ந்த முழங்காலோடு, பெரும்பாலும் பெட்டிக்குள்ளேயே நின்று அடித்த கோல்கள். ஓட்டம் போன பிறகும் இடம் தெரிந்திருந்தது. 2007 மே 19, புதிய வெம்ப்ளியில் செல்சியோடு எஃப்.ஏ. கோப்பை இறுதி. கூடுதல் நேரத்தில் 112-வது நிமிடத்தில் கிக்ஸுக்குப் பதிலாக இறங்கினார். நாலு நிமிடம் கழித்து கோல் விழுந்தது. அடித்தவர் செல்சியின் ட்ரோக்பா. அதற்குப் பிறகு அவர் யுனைடெட்டுக்காகப் போட்டி ஆட்டம் எதிலும் இறங்கவில்லை. ஆகஸ்ட் 27-இல் ஓய்வை அறிவித்தார்.